விமானத்தைக் குறிவைத்த இயந்திரம் போட்ட கோலம்

'லேப்பிஸ்' என்ற பத்து நிமிடப் படத்தைக் கடந்த இரண்டு மாதத்தில் எத்தனை தடவை பார்த்தேன் என்று கணக்கு வைக்கவில்லை. ஜேம்ஸ் விட்னி என்ற அமெரிக்கர் 1966இல் முடித்த படம். கதை கிடையாது, ஆள் கிடையாது, வசனம் கிடையாது. வெள்ளைத் திரை. அதன் ஓரங்களிலிருந்து பொடிப்பொடியாக ஆயிரக்கணக்கான புள்ளிகள் நடுவை நோக்கி வருகின்றன. நடுவில் மட்டும் ஒரு வட்டம் வெறுமையாக நிற்கிறது. அப்புறம் அந்தப் புள்ளிகள் சுழன்று, பிரிந்து, கூடி, நிறம் மாறி, ஒரு சக்கரத்துக்குள் இன்னொரு சக்கரமாக விரிந்துகொண்டே போகின்றன. பின்னணியில் ரவிசங்கரின் சிதார். அவ்வளவுதான் படம்.

முதல் தடவை பார்த்து முடித்ததும் புரோகிராமர் புத்தி எங்கே போகுமோ அங்கேதான் போனது. இதை எந்த கம்ப்யூட்டரில் வரைந்தார்கள்? 1966இல் இவ்வளவு நுணுக்கமாகப் புள்ளி வைக்கிற மிஷின் ஒரு தனி மனிதர் கைக்கு எப்படி வந்தது? தேடிப்போனால் கிடைத்த பதில் என்னைக் கொஞ்ச நேரம் உட்கார வைத்துவிட்டது. இரண்டாம் உலகப்போரில் விமானங்களைச் சுட்டு வீழ்த்துவதற்காகச் செய்த கணக்குப் பொறி. ராணுவம் கழித்துப் போட்டதை ஜேம்ஸின் அண்ணன் ஜான் விட்னி வாங்கிவந்து கேமராவோடு பூட்டியிருக்கிறார்.

அங்கே பிடித்த பித்துதான் இந்தக் குறிப்பு. கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

1960களின் எதிர்க்கலாச்சாரம் என்றால் நமக்கு வழக்கமாக நினைவுக்கு வருவது நீண்ட தலைமுடி, கிதார், வியட்நாம் போர் எதிர்ப்பு, எல்.எஸ்.டி, கீழை ஆன்மிகத்தின் மேல் ஒரு மோகம். வேலை, வீடு, கார், வளர்ச்சி, போர் என்ற அமெரிக்க வாழ்க்கைத் திட்டத்தை 'எங்களுக்கு வேண்டாம்' என்று சொன்ன ஒரு தலைமுறை. அவர்களுடைய சினிமாவும் அப்படித்தான். ஹாலிவுட் வேண்டாம், ஸ்டூடியோ வேண்டாம், சென்சார் வேண்டாம். 1962இல் நியூயார்க்கில் ஜோனஸ் மேக்கஸும் நண்பர்களும் ஃபிலிம் மேக்கர்ஸ் கோஆப்பரேட்டிவ் என்று ஒன்றை ஆரம்பித்தார்கள். யார் படம் கொண்டுவந்தாலும் எடுத்துக்கொள்வது, 'இது தேறாது' என்று திருப்பி அனுப்புவதில்லை என்பதுதான் அதன் அடிப்படை விதி. இந்த வரலாறு நிறைய பேர் எழுதியாகிவிட்டது.

எனக்கு உறுத்திய கேள்வி வேறு. எல்லாவற்றையும் வேண்டாம் என்றவர்களுக்குக் கருவி எங்கிருந்து வந்தது? கவிதை எழுதப் பேனா போதும். படம் எடுக்க கேமரா, ஃபிலிம், லேப், புரொஜெக்டர் எல்லாம் வேண்டுமே.

16 மி.மீ. ஃபிலிமையே எடுத்துக்கொள்ளுங்கள். கோடக் அதை 1923இல் வீட்டு உபயோகத்துக்குக் கொண்டுவந்தது. பணக்காரர்களின் பொழுதுபோக்காக இருந்ததை ஊரெங்கும் பரப்பியது இரண்டாம் உலகப்போர். சிப்பாய்களுக்குப் பயிற்சிப் படம் காட்டவும் போர்முனையைப் படம்பிடிக்கவும் ராணுவத்துக்கு எடை குறைவான சாமான் தேவைப்பட்டது. போர் முடிந்ததும் கேமராவும் புரொஜெக்டரும் மூட்டை மூட்டையாகக் கழிவு விற்பனைக்கு வந்தன. 1947இல் நியூயார்க்கில் ஏமஸ் வோகலும் மனைவி மார்சியாவும் ஆரம்பித்த திரைப்படச் சங்கத்தின் பெயரே 'சினிமா 16'. உச்சத்தில் அதற்கு சுமார் 7000 உறுப்பினர்கள். கலிஃபோர்னியாவில் கேன்யன் என்ற சின்ன ஊரில் புரூஸ் பெய்லி 1961இல் தன் வீட்டுக் கொல்லைப்புறத்தில் படம் காட்ட ஆரம்பித்தபோது தொங்கவிட்ட திரையும் ராணுவம் கழித்ததுதான். அந்தக் கொல்லைப்புறம்தான் பிறகு 'கேன்யன் சினிமா' ஆனது.

நம் ஊர்க் கணக்கில் சொன்னால் அது ஒரு பெரிய காயலான்கடை. நான் படிக்கிற காலத்தில் ரிச்சி தெருவில் பழைய போர்டுகளை எடைக்கு வாங்கி, அதிலிருந்து ஐ.சி.யைப் பிடுங்கி எடுத்து புராஜெக்ட் செய்வோம். அந்த போர்டு முன்னே என்ன வேலை செய்தது என்று ஒருநாளும் யோசித்ததில்லை.

சரி, விட்னி சகோதரர்களுக்கு வருவோம்.

ஜான் 1917இல் பிறந்தவர், ஜேம்ஸ் 1921. லாஸ் ஏஞ்சலஸ் பக்கம். போர் நடந்துகொண்டிருந்த 1943-44இலேயே இருவரும் சேர்ந்து 'ஃபிலிம் எக்சர்சைஸஸ்' என்று ஐந்து குட்டிப் படங்கள் எடுத்தார்கள். அதில் இசையை எந்த வாத்தியத்திலும் வாசிக்கவில்லை. ஊசல்களை ஆடவிட்டு, அந்த ஆட்டத்தை ஃபிலிமின் ஓரத்தில் ஒலிக்காக இருக்கும் தடத்தில் நேரடியாக ஒளியால் பதிவு செய்தார்கள். புரொஜெக்டரில் ஓட்டினால் அது ஒலியாகக் கேட்கும். எலக்ட்ரானிக் இசை பரவலாவதற்கு முன்னாலேயே இது நடந்திருக்கிறது.

அதே போர்க்காலத்தில் ஜான் வேலை பார்த்தது லாக்ஹீட் விமானத் தொழிற்சாலையில், அதிவேகப் புகைப்படப் பிரிவில். குறிபார்க்கும் கருவிகளுக்குள் என்ன நடக்கிறது என்று அவர் கவனித்தது அங்கேதான். 1950களின் கடைசியில் எம்-5 என்ற கருவி கழிவு விலைக்கு வந்தபோது அதற்குள் இருப்பது என்ன என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

அந்தக் கருவிக்கு 'கன் டைரக்டர்' என்று பெயர். சினிமாக்காரருக்கும் அதே பட்டம் என்பது தற்செயல். அது என்ன செய்யும் என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் படத்தின் சூட்சுமமே அங்கேதான் இருக்கிறது.

ஒரு விமானம் மணிக்கு 360 கி.மீ. வேகத்தில் பறக்கிறது என்று வையுங்கள். வினாடிக்கு 100 மீட்டர். அது உங்களிடமிருந்து 2 கி.மீ. தூரத்தில் இருக்கிறது. உங்கள் பீரங்கிக் குண்டு அங்கே போய்ச்சேர சுமார் 3 வினாடி ஆகும். அதற்குள் விமானம் 300 மீட்டர் தள்ளிப் போயிருக்கும். ஆக விமானத்தைப் பார்த்துச் சுட்டால் குண்டு வீண். விமானம் இனி எங்கே இருக்கப்போகிறதோ அங்கே சுட வேண்டும். இந்த 'இனி எங்கே' என்ற கணக்கை ஒவ்வொரு கணமும் விடாமல் போட்டுக்கொண்டே இருக்க வேண்டும், மனித மூளையால் ஆகாது. பிரிட்டனில் கெரிசன் என்ற ராணுவ அதிகாரி இதற்காக வடிவமைத்த பொறியின் அமெரிக்க வடிவம்தான் எம்-5. தயாரித்தவர்களில் சிங்கர் கம்பெனியும் ஒன்று. ஆமாம், அதே தையல் மிஷின் சிங்கர்தான். எங்கள் பாட்டி வீட்டில் கால்மிதியோடு இருந்தது.

உள்ளே டிரான்சிஸ்டர் எதுவும் கிடையாது. பல்சக்கரம், தண்டு, கேம். நான் காலேஜில் படித்தது மெக்கானிக்கல், சோறு போடுவதுதான் சாஃப்ட்வேர். அதனால் கேம் என்றதும் எனக்கு ஒரு பழைய பயம் வரும். இரண்டாம் வருடத்தில் கேம் வரைபடம் வரைந்து வரைந்து நொந்திருக்கிறேன். ஒழுங்கில்லாத விளிம்புள்ள ஒரு தகடு சுற்றும்போது அதன்மேல் உரசிக்கொண்டிருக்கும் தடி ஏறி இறங்கும். விளிம்பை எப்படி வெட்டுகிறோமோ அப்படி ஏறி இறங்கும். இன்றைக்கு நாம் ஒரு ஃபங்ஷன் என்று கோடில் எழுதுவதை அன்றைக்கு இரும்பில் வெட்டிவைத்தார்கள். இரண்டு பேர் தொலைநோக்கி வழியாக விமானத்தைப் பின்தொடர்ந்து சக்கரத்தைச் சுற்றுவார்கள். அந்தச் சுற்று உள்ளே போய்க் கூடி, பெருகி, மறுபக்கம் பீரங்கியைத் திருப்பும் அசைவாக வெளியே வரும்.

ஜான் விட்னி செய்தது, வெளியே வரும் அந்த அசைவின் முனையில் பீரங்கிக்குப் பதில் ஒரு மேசையை வைத்தது. மேசைமேல் ஓவியத் தகடு, மேலே கேமரா. மேசை சுழலும், நகரும். கேமராவும் தன் பங்குக்குச் சுழலும். எல்லாம் ஒன்றுக்கொன்று கணக்கோடு. பிறகு எம்-7 என்ற இன்னொரு கருவியின் பாகங்களையும் சேர்த்தார். கடைசியில் 12 அடி உயரத்துக்கு நின்றது.

இதில் பெரிய விஷயம், ஒரே அசைவை அச்சுப் பிசகாமல் திரும்பச் செய்ய முடிவது. ஃபிலிமைப் பின்னால் சுற்றி, தகட்டை ஒரு நூல் தள்ளி வைத்து, அதே அசைவை மறுபடி ஓட்டி, அதே ஃபிலிமில் இரண்டாம் தடவை பதிவு செய்யலாம். மூன்றாம் தடவை, பத்தாம் தடவையும் செய்யலாம். கையால் இது முடியாது. பீரங்கிக்குக் கொடுத்த துல்லியம் இங்கே புள்ளிகளைப் பெருக்கும் வித்தையாகிவிட்டது. 1961இல் இந்த இயந்திரத்தால் என்னென்ன முடியும் என்று காட்ட ஜான் 'கேட்டலாக்' என்று ஏழு நிமிடத் தொகுப்பு ஒன்று வெளியிட்டார். பெயரே விளம்பரம்தான். அவருக்கு வாடிக்கையாளர்கள் தேவைப்பட்டார்கள். டி.வி. தலைப்புகள், விளம்பரங்கள் எல்லாம் செய்துகொண்டிருந்தவர். ஹிட்ச்காக்கின் 'வெர்ட்டிகோ' படத்தின் தலைப்பில் கண்ணுக்குள் சுழலும் சுருள்கள் வருமே, அதில் சால் பாஸோடு வேலை செய்தவரும் இவர்தான்.

தம்பி ஜேம்ஸ் வேறு மாதிரி. வியாபாரம் ஒத்துவரவில்லை. யோகம், தாவோ, யுங், ஜே. கிருஷ்ணமூர்த்தி என்று போன ஆள். 1950இல் ஆரம்பித்து 1957இல் முடித்த படத்துக்கு 'யந்த்ரா' என்று பெயர் வைத்தார். நம் பூஜை அறை யந்திரம்தான். அதற்கு எந்தக் கருவியும் கிடையாது. அட்டைகளில் ஊசியால் துளைகுத்தி, அந்தத் துளைகள் வழியே வண்ணத்தைத் தெளித்துப் புள்ளி வைத்து, ஒவ்வொரு சட்டமாக எடுத்த எட்டு நிமிடப் படம். ஏழு வருட வேலை. முதலில் மௌனப் படமாக இருந்தது. சான் ஃபிரான்சிஸ்கோவின் மாரிசன் கோளரங்கத்தில் ஜோர்டன் பெல்சனும் ஹென்றி ஜேக்கப்ஸும் 1957இலிருந்து 1959 வரை 'வோர்டெக்ஸ்' என்ற பெயரில் இருட்டு, ஒளி, எலக்ட்ரானிக் ஒலி மூன்றையும் கலந்து நிகழ்ச்சிகள் நடத்தினார்கள். அந்தச் சூழலில்தான் 'யந்த்ரா'வுக்கு ஒலி சேர்ந்தது. ஏழெட்டு வருடம் கழித்து ஹிப்பிகளின் நடன அரங்குகளில் சுவரெல்லாம் வழிந்த ஒளிக்காட்சிகளுக்கு வோர்டெக்ஸ் ஒரு முன்னோடி.

அடுத்து 'லேப்பிஸ்'. கண்ணாடித் தகடுகளில் கையாலேயே புள்ளிகள் வரைந்தார் ஜேம்ஸ். அவற்றைச் சுழற்றியது அண்ணன் கட்டிக்கொடுத்த அமைப்பு. 1963இல் ஆரம்பித்து மூன்று வருடம். அமெரிக்கா வியட்நாமில் குண்டு போட்டுக்கொண்டிருந்த அதே 1966இல் படம் முடிந்தது. தியானத்தைப் பற்றிய, மௌனத்தைப் பற்றிய ஒரு படம், விமானத்தைக் கொல்வதற்காகச் சிந்திக்கப்பட்ட கணக்கின்மேல் உட்கார்ந்திருக்கிறது.

இந்த இடத்தில் 'வாளை ஏர்க்கொழுவாக அடித்தார்கள்' என்று ஒரு வரி எழுதி முடித்துவிடலாம். இணையத்தில் நிறைய கட்டுரைகள் அப்படித்தான் முடிகின்றன. எனக்கு அது சரியாகப் படவில்லை. கதை அங்கே நிற்கவில்லை என்பதுதான் காரணம்.

1966இல் ஜானை ஐ.பி.எம். கூப்பிட்டது. கலைஞர் ஒருவரைத் தன் கம்ப்யூட்டரோடு உட்கார வைத்துச் செலவையும் ஏற்றுக்கொண்ட முதல் ஏற்பாடுகளில் அது ஒன்று. ஜாக் சிட்ரன் என்ற ஐ.பி.எம். ஆள் ஃபோர்ட்ரானுக்கு மேலே படம் வரையும் கட்டளைகளைச் சேர்த்து 'கிராஃப்' என்று ஒன்று எழுதித் தந்தார். அதில் 1968இல் வந்த படம் 'பெர்ம்யுட்டேஷன்ஸ்'. இரும்பு கேம் போய், சமன்பாடு வந்தது.

அதன் அடிப்படை யோசனை ரொம்ப எளிமை, நீங்களே செய்து பார்க்கலாம். 360 புள்ளிகளை ஒரே கோட்டில் வரிசையாக வையுங்கள், முதல் புள்ளி மையத்துக்குப் பக்கத்தில், 360ஆவது புள்ளி கடைசி ஓரத்தில். முதல் புள்ளி வினாடிக்கு 1 டிகிரி சுற்றட்டும், இரண்டாவது 2 டிகிரி, நூறாவது 100 டிகிரி. விட்டுவிடுங்கள். ஒரு வினாடியில் கோடு ஒரு சுருளாகும். அப்புறம் சுருள் இறுகி இறுகி, பார்த்தால் வெறும் குப்பை மாதிரி சிதறிக் கிடக்கும். திடீரென்று 72ஆவது வினாடியில் ஐந்து கைகளாக நிற்கும். மறுபடி சிதறும். 90இல் நான்கு, 120இல் மூன்று. 180ஆவது வினாடியில் எல்லாப் புள்ளிகளும் நேர் எதிரெதிராக இரண்டே கோடுகள். சரியாக ஆறு நிமிடத்தில் கிளம்பிய இடத்துக்கே வந்து ஒரே கோடு. 360ஐ வகுக்கிற எண்களில் ஒழுங்கு, நடுவில் கலவரம். இரண்டுக்கும் ஒரே விதிதான்.

ஜாவாஸ்கிரிப்டில் இருபது வரி. ஒரு ஞாயிற்றுக்கிழமை எழுதி ஓடவிட்டேன். மனைவி எட்டிப் பார்த்து, "புள்ளிக் கோலம் மாதிரி இருக்கு, ஆனா இழையை யாரும் இழுக்கலையே" என்றாள். நான் எழுதிய விளக்கத்தைவிட அது சுருக்கமாக இருந்தது. ஜான் இதை இசையோடு ஒப்பிட்டுத்தான் யோசித்தார். கீழ் ஸாவுக்கும் மேல் ஸாவுக்கும் அதிர்வு விகிதம் 1:2, ஸாவுக்கும் பாவுக்கும் 2:3. காதில் இனிமையாகக் கேட்கிற விகிதம் கண்ணிலும் இனிமையாகத் தெரிய வேண்டும் என்பது அவர் பிடிவாதம். 1980இல் 'டிஜிட்டல் ஹார்மனி' என்று புத்தகமாகவே எழுதினார். என் கண்ணுக்கு 'பெர்ம்யுட்டேஷன்ஸ்' கொஞ்சம் குளிர்ச்சியாகத்தான் இருக்கிறது, 'லேப்பிஸ்' பார்க்கும்போது வரும் நடுக்கம் வரவில்லை. ஆனால் பொறியாளனாகப் பார்த்தால் மயக்குவது இதுதான்.

இதே காலத்தில் கிழக்குக் கரையில் இன்னொரு ஜோடி. ஸ்டான் வாண்டர்பீக் ஆள் சுத்தமான கலகக்காரர். 'அண்டர்கிரவுண்ட்' என்ற சொல்லை இந்தப் படங்களுக்கு 1961இல் ஒட்டவைத்ததே அவர்தான். பத்திரிகைப் படங்களை வெட்டி ஒட்டி, அசைய வைத்து, ராக்கெட் போட்டியையும் அரசியல்வாதிகளையும் கிண்டல் செய்யும் படங்கள் எடுத்தவர். மான்ட்டி பைதானில் டெர்ரி கில்லியம் செய்த அனிமேஷனுக்கு விதை போட்டது அந்த வெட்டி ஒட்டும் பாணிதான். இந்த மனிதர் போய்ச் சேர்ந்த இடம் பெல் லேப்ஸ், அதாவது அமெரிக்க டெலிபோன் கம்பெனியின் ஆராய்ச்சிக் கூடம். அங்கே கென் நோல்டன் 1963இல் 'பெஃப்ளிக்ஸ்' என்று ஒரு மொழி எழுதியிருந்தார். திரைக்கு 252க்கு 184, மொத்தம் 46,368 கட்டங்கள். ஒவ்வொன்றுக்கும் எட்டு சாம்பல் நிறங்களில் ஒன்று. துளையிட்ட அட்டைகளை ஐ.பி.எம். 7094க்குக் கொடுத்தால், அது மைக்ரோஃபிலிம் கருவியில் ஒவ்வொரு சட்டமாக எழுதும். இருவரும் சேர்ந்து 'போயம்ஃபீல்ட்' என்று ஒரு படவரிசையே செய்தார்கள். சொற்கள் கட்டங்களிலிருந்து முளைத்து, மினுங்கி, மறுபடி கட்டங்களில் கரைந்துபோகும். நிறம் பிறகு சேர்த்தது.

பெல் லேப்ஸுக்கும் பீரங்கிக்கும் சம்பந்தம் இல்லை என்று நினைத்துவிடாதீர்கள். எம்-5க்குப் பின் வந்த எம்-9 என்ற மின்னணு கன் டைரக்டர் அவர்களுடையது. 1940இல் டேவிட் பார்க்கின்சன் என்ற பெல் லேப்ஸ் பொறியாளருக்குக் கனவில் வந்ததாம், வரைபடக் கருவியில் பேனாவை நகர்த்துகிற அதே சாமான் பீரங்கியை நகர்த்துவதாக. விடிந்ததும் மேலதிகாரியிடம் சொன்னார். 1944இல் லண்டனை நோக்கி வந்த ஜெர்மனியின் வி-1 பறக்கும் குண்டுகளை வீழ்த்தியதில் அந்த எம்-9க்குப் பெரிய பங்கு உண்டு. பேனாவிலிருந்து பீரங்கிக்குப் போனார் பார்க்கின்சன். பீரங்கியிலிருந்து பேனாவுக்குத் திரும்பினார் விட்னி.

நோல்டன் பின்னாளில் சொன்ன ஒரு கதை. அவரும் லியான் ஹார்மனும் எழுத்துக் குறிகளைக் கொண்டே ஒரு நிர்வாணப் படத்தை உருவாக்கி, விளையாட்டாக ஒரு மேலதிகாரியின் சுவரில் மாட்டிவிட்டார்கள். கம்பெனி பதறியது. பரவட்டும், ஆனால் எங்கள் பெயர் வரக்கூடாது என்றது. 1967 அக்டோபரில் நியூயார்க் டைம்ஸ் அதே படத்தை அச்சிட்டதும் உத்தரவு மாறியது: பெல் லேப்ஸில் செய்தது என்று கட்டாயம் சொல்லுங்கள்! கார்ப்பரேட்டில் இருபது வருடம் குப்பை கொட்டியவர்களுக்கு இதில் விளக்கம் தேவையில்லை.

இயந்திரத்தை எடுக்காமல் ராணுவத்தின் ஃபிலிமையே எடுத்துக்கொண்டவர் ஒருவர் உண்டு, புரூஸ் கானர். 1946 ஜூலை 25 அன்று பிகினி தீவில் நீருக்கடியில் அணுகுண்டு வெடித்துப் பார்த்தது அமெரிக்கா. அதைப் பதிவு செய்ய நூற்றுக்கணக்கான கேமராக்கள் வைத்திருந்தார்கள். ஆராய்ச்சிக்காகவும் பெருமைக்காகவும் எடுத்த ஃபிலிம். கானர் அதை அரசு ஆவணக் காப்பகத்திலிருந்து வாங்கி 1976இல் 'கிராஸ்ரோட்ஸ்' என்ற படமாக வைத்தார். கிட்டத்தட்ட ஒன்றுமே செய்யவில்லை. ஒரே வெடிப்பு பல கோணங்களில், மெதுவாக, மறுபடி மறுபடி, அரை மணி நேரத்துக்கு மேல். அந்தத் தூணின் அடியில் எறும்பு மாதிரித் தெரிவது போர்க்கப்பல்கள் என்று கண் புரிந்துகொள்ளச் சில நிமிடம் ஆகும். அதற்கு அப்புறம் படம் பார்ப்பது சங்கடமாக இருக்கும், ஏனென்றால் அது அழகாகவும் இருக்கிறது.

இத்தனையையும் படித்துக்கொண்டிருந்தபோது எனக்கு அடிக்கடி குறுக்கே வந்தவர் சினிமாவே எடுக்காத ஒருவர், நார்பர்ட் வீனர். எம்.ஐ.டி.யின் கணித மேதை. போர்க்காலத்தில் ஜூலியன் பிக்லோவோடு சேர்ந்து, விமானி இனி எங்கே திரும்புவான் என்று முன்கணிக்கும் கணக்கில் இறங்கினார். அவர்கள் செய்த கருவி போருக்குப் பயன்படவில்லை. ஆனால் அந்த யோசனைகள்தான் சைபர்னெடிக்ஸ் ஆனது. 1960களின் கலகக் கலைஞர்கள் விரும்பிப் படித்த விஷயம் அது. ஹிரோஷிமாவுக்குப் பிறகு ஒரு விமானக் கம்பெனி ஆராய்ச்சியாளர் வீனரின் பழைய அறிக்கையின் நகல் ஒன்று கேட்டு எழுதினார். வீனர் மறுத்துவிட்டார். மறுப்புக் கடிதம் 1947 ஜனவரியில் அட்லாண்டிக் மாத இதழில் வந்தது. பொறுப்பில்லாத ராணுவக்காரர்கள் கையில் போய் நாசம் விளைவிக்கக்கூடிய வேலை எதையும் இனி வெளியிடமாட்டேன் என்பது அதன் சாரம்.

எனக்கு ஏன் இதெல்லாம் தூக்கத்தைக் கெடுத்தது என்று சொல்லிவிடுகிறேன். சில வருடம் முன்பு நான் வேலை பார்த்த ஒரு கம்பெனியில், சரக்கு கொண்டுபோகும் வண்டி எத்தனை மணிக்கு வந்துசேரும் என்று கணிக்கும் நிரலை எழுதினேன். இப்போது எங்கே இருக்கிறது, எந்த வேகத்தில், இனி எங்கே இருக்கும். எம்-5 செய்த அதே கேள்வி. வாடிக்கையாளர் காத்திருக்கும் நேரம் குறையட்டும் என்றுதான் செய்தது, நன்றாகவும் வேலை செய்தது. ஆறு மாதம் கழித்து ஒரு மீட்டிங்கில் தெரிந்தது, என் எண்ணைத் தாண்டித் தாமதமாகிற ஓட்டுநருக்கு அன்றைய ஊக்கத்தொகை வெட்டுகிறார்கள் என்று. அந்தக் கணிப்பில் மழைக்கோ டீக்கோ இடமில்லை. "சார், அது சராசரிதான், பாதிப் பேர் அதைத் தாண்டத்தான் செய்வாங்க" என்று சொன்னேன். குறித்துக்கொண்டார்கள். அப்புறம் ஒன்றும் நடக்கவில்லை. நான் கடிதம் எழுதவில்லை. இன்னும் ஒன்றரை வருடம் அங்கேதான் சம்பளம் வாங்கினேன்.

அதனால்தான் கருவியின் பழைய பாவத்தைக் கலை கழுவிவிட்டது என்ற முடிவு எனக்கு அவ்வளவு லேசில் இறங்குவதில்லை. கருவி எங்கும் நிற்பதில்லை, போய்க்கொண்டே இருக்கிறது. ஜானின் அடுத்த பெரிய படம் 1975இல் வந்த 'அரபெஸ்க்'. அதற்கு நிரல் எழுதியது லேரி க்யூபா என்ற இளைஞர். அவரே ஒரு நல்ல சோதனைப் படக்காரர். இரண்டு வருடம் கழித்து க்யூபாவுக்கு வேறு ஒரு வேலை வந்தது, 1977இன் 'ஸ்டார் வார்ஸ்'. டெத் ஸ்டாரைத் தாக்கப் போகும் விமானிகளுக்கு அந்தப் பள்ளத்தாக்கையும் குண்டு போட வேண்டிய துவாரத்தையும் திரையில் கோட்டோவியமாகக் காட்டுவார்களே, அதைச் சிகாகோவில் ஒரு பல்கலைக்கழகக் கம்ப்யூட்டரில் செய்தது அவர்தான். குறிவைக்கும் இயந்திரத்தில் ஆரம்பித்த கலை, சுற்றிவந்து குறிவைப்பதைச் சொல்லிக்கொடுக்கும் காட்சியாகவே சினிமாவுக்குள் நுழைந்தது. ஜானின் ஒளிப்பிளவு உத்தியும் அப்படித்தான், டக்ளஸ் ட்ரம்புல் கைக்குப் போய் 1968இல் '2001: எ ஸ்பேஸ் ஒடிசி'யின் ஒளிச் சுரங்கமாயிற்று. அதை ரசித்த ஹிப்பிகளும் உண்டு, டிக்கெட் விற்ற ஸ்டூடியோவும் உண்டு.

ஜேம்ஸ் என்ன செய்தார் தெரியுமா? 'லேப்பிஸ்' முடித்தபின் பல வருடம் கேமரா பக்கமே போகவில்லை. மண்பாண்டம் செய்யக் கற்றுக்கொண்டார். ராக்கு என்ற ஜப்பானிய முறை. சுடச்சுட உலையிலிருந்து எடுக்கும்போது மேற்பூச்சு எப்படி வெடிக்கும், எந்த நிறம் வரும் என்று முழுதாகக் கணிக்க முடியாத முறை அது. 1977இல் 'வூ மிங்' என்ற படம் வந்தது. 1982இல் இறந்துபோனார். ஜான் 1995 வரை இருந்தார், வீட்டுக் கம்ப்யூட்டர் வந்தபின் யாரையும் கேட்காமல் தன் மேசையிலேயே உட்கார்ந்து வேலை செய்தார்.

'லேப்பிஸ்' பார்க்க நினைப்பவர்களுக்கு: போனில் பார்க்காதீர்கள், புள்ளிகள் மாவாகிவிடும். பெரிய திரை, விளக்கை அணைத்துவிட்டு, நடுவில் இருக்கும் அந்த வெறுமையான வட்டத்தை மட்டும் பாருங்கள். ஓரத்தில் நடப்பது தானாகத் தெரியும். முதல் இரண்டு நிமிடம் சலிப்பாக இருந்தால் பரவாயில்லை, எனக்கும் இருந்தது. இருபது வரி நிரல் வேண்டுமென்பவர்கள் கேளுங்கள், அனுப்புகிறேன்.